பவுனக்காவின் கைராசி

கட்கி பஜாரில் நின்றுகொண்டு, கழுத்தில் மரு வந்திருக்கிறது என்று யாரிடமாவது சொல்லிப் பாருங்கள். தோல் டாக்டரின் பெயருக்கு முன்னால் பவுனக்காவின் பெயரைச் சொல்வார்கள். தமிழ்க்காரர்களுக்கு அவள் பவுனக்கா. மராட்டிக்காரர்களுக்கு சாம்கீள்வாலி அக்கா. சாம்கீள் என்றால் அவர்கள் பாஷையில் மரு. ஐம்பத்து நாலு வயது, குட்டை உருவம், நடந்தால் தரை அதிரும், பேசினால் அதைவிட அதிரும். அப்பா வந்தவாசிப் பக்கத்திலிருந்து வெடிமருந்துத் தொழிற்சாலை வேலைக்கு வந்தவர். பவுனு பிறந்தது, படித்தது, வாக்கப்பட்டது எல்லாம் கட்கிக்குள்ளேயே முடிந்துவிட்டது. புருஷன் சின்னதுரை அவளுக்குத் தாய்மாமன். அவரும் அதே தொழிற்சாலையில் முப்பத்து மூன்று வருஷம் ட்யூட்டி பார்த்து, வெடிச் சத்தத்தில் இடது காதின் கேட்கும் சக்தியை அங்கேயே விட்டுவிட்டு ரிட்டயர் ஆனவர்.

பவுனுக்குப் பதினாறு வயதில் முழங்கையில் ஒரு மரு வந்தது. குழாயடியில் பெண்கள் பேசிக்கொண்டதைக் கேட்டுவிட்டு, ஸ்டேஷன் வாசலில் நின்ற டாங்கா வண்டிக் குதிரையின் வாலில் முடி பிடுங்கி, மருவின் அடியில் இறுக்கிக் கட்டினாள். பத்தாம் நாள் அது கருகி விழுந்தது. அடுத்து பக்கத்து வீட்டு எஸ்தரின் காதோரத்து மரு. அதுவும் விழுந்தது. அவ்வளவுதான், பெயர் நிலைத்துவிட்டது. அதற்கென்று சட்டதிட்டங்களும் சேர்ந்துகொண்டன. செவ்வாய்க்கிழமை காலையில், வெறும் வயிற்றோடு கட்ட வேண்டும். மூன்று முடியை ஒன்றாக முறுக்க வேண்டும். முடிச்சு விழும்வரை பேசக் கூடாது. காசு வாங்கக் கூடாது. மரு விழுந்து, விழுந்த இடம் காய்கிறவரை கட்டிய சேதியை வெளியில் சொல்லக் கூடாது, சொன்னால் பலிக்காது. இதையெல்லாம் யார் வகுத்தார்கள் என்று கேட்டால் அவளுக்கே தெரியாது. ஆனால் ஒன்றைக்கூட மீறியதில்லை.

மனுஷர்களோடு நின்றிருந்தால் வம்பில்லை. வீட்டுக்குப் பின்னால் ரயில் பாதையை ஒட்டி தத்து கவ்ளியின் மாட்டுக்கொட்டகை இருக்கிறது. தத்து பால்காரர், பரம்பரைக் கவ்ளி. ஒரு வருஷம் அவருடைய கிடேரிகளுக்குக் கழுத்திலும் காம்பிலும் பூக்கோசுபோல மரு அப்பிக்கொண்டது. பவுனு போய்ப் பெரிதாக இருந்த நாலைந்தைக் கட்டிவிட்டு வந்தாள். நாலு மாதத்தில் கட்டியதும் விழுந்தது, கட்டாததும் விழுந்தது. "ஒண்ணைக் கட்டினா போதும், மிச்சதெல்லாம் பயந்து ஓடிப்பூடும்" என்று அவள் சொல்ல, தத்து அதை அப்படியே நம்பினார். போபோடி, தாபோடி என்று பக்கத்து ஊர்க் கவ்ளிகளும் வந்து கூட்டிக்கொண்டு போனார்கள். மாட்டுக்காரன் வாசலில் வந்து கைகட்டி நிற்கும்போது எந்தப் பொம்பளைக்குத்தான் தலை நிமிராது? பத்தாவதோடு படிப்பை நிறுத்தியவள் பவுனு. அவளை யாரும் அதுவரை எதற்காகவும் தேடி வந்ததில்லை.

ரிட்டயர் ஆனவர்கள் கோயில் குளம் என்று போவார்கள். சின்னதுரை ஒரு வெள்ளைக் குதிரை வாங்கினார். கல்யாண ஊர்வலத்தில் மாப்பிள்ளை ஏறி வருகிற குதிரை. புத்தி கெட்டுப்போய்விட்டதா என்று பவுனு மூன்று நாள் கத்தினாள். ஒரே மகள் வைஷாலி கோந்த்வாவிலிருந்து போன் போட்டு அவள் பங்குக்குக் கத்தினாள். மனுஷன் பாதி காதில் வாங்கி மீதியை விட்டுவிட்டார். சாந்தினி என்று பெயர் வைத்தார். தத்துவின் கொட்டகையில் ஒரு மூலை பிடித்துக் கட்டினார். வீட்டில் நாளைக்கு நாலு வார்த்தை பேசுகிறவர், அந்தக் குதிரையோடு மணிக்கணக்காகப் பேசுவார். பவுனு ஜன்னல் வழியாகப் பார்த்துக்கொண்டே வெங்காயம் உரிப்பாள். கொஞ்சம் பொறாமைதான். ஆனாலும் அந்த ஆறு வருஷம் அவர் முகத்தில் இருந்த களை, கல்யாணமான புதிதில்கூட இருந்ததில்லை என்பது அவளுக்குத் தெரியும்.

போன அக்டோபரில், சாந்தினியின் நெஞ்சுக்கு அடியில், சேணப் பட்டை போகிற இடத்தில், ரூபாய்க் காசளவுக்கு முடி கொட்டியிருந்தது. அதன் நடுவில் பட்டாணி அளவில் ஒரு முண்டு.

"மருவா இது? பாருமே" என்றார் சின்னதுரை.

"இத்தப் பாக்க இன்னா கீது? செவ்வாக்கெழம வரட்டும், கட்டி வுட்டுடறேன்" என்று சிரித்தாள் பவுனு.

ஆனால் அவர் தன் குதிரை விஷயத்தில் யாரையும் நம்புகிறவர் அல்ல. வைஷாலியிடம் சொல்லிவைத்திருந்தார். அவள் வேலை பார்க்கும் விமான் நகரில், ஸ்ரீரஞ்சனி என்று ஒரு கால்நடை டாக்டர் இருந்தாள். கோயம்புத்தூர்ப் பெண். ஞாயிற்றுக்கிழமைகளில் தெரு நாய்க்கும் வண்டிக் குதிரைக்கும் சும்மா வைத்தியம் பார்ப்பவள். அந்த ஞாயிறே ஸ்கூட்டரில் வந்து இறங்கினாள். முப்பது வயதுகூட இருக்காது. முண்டில் கை வைக்கவே இல்லை, குனிந்து குனிந்து பார்த்தாள். பிறகு பக்கத்தில் நின்ற கிடேரிகளின் கழுத்தைப் பார்த்தாள்.

"இந்த மாடுகளுக்கு மரு இருக்குதுங்களா?"

"வந்துனே இருக்கும். நான் கட்டினேயிருப்பேன்" என்றாள் பவுனு, சற்று நெஞ்சை நிமிர்த்தி.

"அதே கிருமிதானுங்க்கா இங்கயும். மாட்டுல இருக்கற வைரஸு குதிரையோட புண்ணுல ஏறிக்கும். கயிறு, துண்டு, ஈ, கை, எதுல வேணாலும் வந்திருக்கலாமுங்க. ஆனா மாட்டுல நடக்கற மாதிரி குதிரைல நடக்காது. இதைக் கிள்றது, கட்டறது, ஆசிட் வெக்கறது, எதுவும் பண்ணிராதீங்க. இப்ப இது தூங்கிட்டு இருக்குது. நோண்டுனா எந்திரிச்சுக்கும்."

"நான் கட்டி இதுவரிக்கும் வுழாத மரு கெடையாதும்மா. இந்தக் கவ்ளியவே கேளு."

டாக்டர் சிரித்தபடிதான் சொன்னாள், மனசில் ஒன்றும் வைத்துக்கொண்டு அல்ல. "மாட்டு மரு கட்டாட்டியும் விழுந்துருமுங்க்கா. அஞ்சாறு மாசத்துல மாட்டோட உடம்பே கிருமியை அடையாளம் கண்டு விரட்டீருமுங்க."

என்ன சொல்கிறாள் என்று தத்து கேட்டார். கேட்டவருக்கு ஹிந்தியில் விளக்கிச் சொல்லியும் விட்டாள் அந்தப் புண்ணியவதி. தத்து பவுனைப் பார்த்தார். "அரே அக்கா, அப்படின்னா இத்தனை வருஷம் நீ ஒண்ணுமே பண்ணலையா?" என்று தொப்பை குலுங்கச் சிரித்தார். சின்னதுரையும் சிரித்தார். அவருக்கு முழுசாகக் காதில் விழுந்ததா என்பதுகூடச் சந்தேகம், தத்து சிரிக்கிறாரே என்று சிரித்திருக்கலாம். பவுனு மட்டும் புடவைத் தலைப்பை உதறி இடுப்பில் செருகிக்கொண்டாள்.

ஸ்ரீரஞ்சனி வைத்தியத்தைச் சொன்னாள். சினை ஊசி போடுகிறவர்கள் கேனில் வைத்திருக்கும் திரவ நைட்ரஜனைக் கொண்டுவந்து அந்தக் கட்டியை உறைய வைத்துச் சாகடிக்க வேண்டும். அதை ஊதுகிற கருவி மும்பையிலிருந்து வர வேண்டும். மூன்று வாரம் ஆகும். அதுவரை தொடக் கூடாது, பட்டை உரசக் கூடாது, ஊர்வலம் கூடாது. "சின்னதா இருக்கறப்பவே பண்ணீட்டா நல்லாயிருமுங்க ஐயா" என்றாள்.

"சரிங்கம்மா. ஈகூட உக்கார வுடமாட்டேன்" என்றார் சின்னதுரை. முப்பத்தைந்து வருஷமாகக் கூடவே இருக்கிற பெண்டாட்டியை ஒரு வார்த்தை கேட்கவில்லை.

செவ்வாய்க்கிழமை காலையில் அவர் புல்லுக்கட்டு வாங்கக் கிளம்பினார். பவுனு பல் துலக்கிவிட்டு, தேநீர்கூடக் குடிக்காமல் கொட்டகைக்குப் போனாள். சாந்தினியின் வாலிலேயே மூன்று முடி எடுத்தாள். முறுக்கினாள். மண்டிபோட்டு உட்கார்ந்து, முண்டின் அடியில் சுற்றி, பல்லைக் கடித்து இறுக்கினாள். குதிரை தோலைச் சிலிர்த்ததே தவிர நகரவில்லை. மேலே மஞ்சளும் வேப்பிலையும் அரைத்துக் கனமாக அப்பிவிட்டாள். ஈக்கு என்று சொன்னால் யார் கேட்கப்போகிறார்கள்? அந்தக் குதிரை நன்றாக வேண்டும் என்றுதான் கட்டினாள், அதில் பொய்யில்லை. ஆனால் தத்துவின் தொப்பை குலுங்காமல் இருந்திருந்தால் கட்டியிருக்க மாட்டாள், அதிலும் பொய்யில்லை.

பதினொன்றாம் நாள் முண்டு விழுந்தது. பவுனுக்கு வந்த சந்தோஷத்தைச் சொல்லி மாளாது. படிச்சவ வரட்டும், வந்து பார்த்து மூஞ்சியை எங்கே வைத்துக்கொள்கிறாள் பார்ப்போம் என்று தனக்குள் சொல்லிச் சொல்லிச் சிரித்துக்கொண்டாள். புருஷனிடம் சொல்ல நாக்குத் துடித்தது. ஆனால் விழுந்த இடம் காய வேண்டுமே! காய்ந்ததும் சொல்லிக்கொள்ளலாம் என்று அடக்கிக்கொண்டாள்.

அது காயவே இல்லை. நாலாம் நாள் சிவந்து ஈரமாக இருந்தது. ஆறாம் நாள் சதை பிதுங்கியது. கருவி ஒரு வாரம் பிந்தி வர, நாலாவது வாரம் ஸ்ரீரஞ்சனி கேனோடும் கருவியோடும் வந்தபோது, பட்டாணி இருந்த இடத்தில் கைமுஷ்டி அளவுக்குச் செக்கச் சிவந்த சதை தொங்கியது, தொட்டால் ரத்தம் கசிந்தது. பார்த்ததும் அந்தப் பெண்ணின் முகம் வெளிறிப்போயிற்று.

"யாராச்சும் இதைக் கட்டுனீங்களா? அறுத்தீங்களா?"

"இல்லிங்கம்மா. யாரும் தொடல" என்றார் சின்னதுரை. "தானா பெருசாயிடுச்சு."

"நல்லா ரோசிச்சுச் சொல்லுங்க. நோண்டியிருந்தா வேரு உள்ளுக்குள்ள பரவியிருக்கும். அப்படின்னா மயக்கம் குடுத்து, சுத்தியும் ஆழமா வெட்டி எடுத்துட்டுத்தான் உறைய வெக்கணும். தானா வளந்ததுன்னா அவ்வளவு வேண்டாமுங்க, மேலயே பண்ணீரலாம்." அவள் பார்வை பவுனிடம் வந்து நின்றது. "அக்கா?"

கொட்டகை வாசலில் தத்து நின்றார். அவர் மகன் நின்றான். பால் வாங்க வந்த இரண்டு பெண்கள் நின்றார்கள். பவுனு தண்ணீர் வாளியைக் கையில் பிடித்தபடி, "நானா? நீதானம்மா தொடாதன்ன. நான் எதுக்குத் தொடறேன்?" என்றாள்.

அந்த ஒரு நிமிஷத்தை நினைத்து பவுனு பிறகு எத்தனையோ நாள் தன் வாயில் தானே அறைந்துகொண்டாள். அறைந்து என்ன பண்ண?

டாக்டர் நம்பினாள். வெண்புகை கிளம்பக் கிளம்ப ஊதினாள், உருகவிட்டு மறுபடி ஊதினாள். சதை வெளுத்துக் கல்லாக இறுகியது. பத்துப் பதினைந்து நாளில் செத்து விழுந்தும் போனது. சின்னதுரை பிள்ளையார் கோயிலில் தேங்காய் உடைத்தார். ஜனவரியில் அது திரும்பி வந்தது. இந்த முறை ஒன்றல்ல. சுற்றிலும் ஐந்தாறு, ஒன்று முன்னங்காலின் உள்பக்கம். இனி மயக்கம் கொடுத்து வெட்டித்தான் ஆகவேண்டும் என்று ஸ்ரீரஞ்சனி வந்து சொன்னபோது, சின்னதுரை அவளைக் கொட்டகைக்குள்ளேயே விடவில்லை.

"பட்டாணி மாதிரி இருந்துச்சு. நீ ஐஸ ஊதி ஊதி இப்டி ஆக்கிட்ட. இன்னும் வெட்டறியா? போம்மா. எங்குதுர மேல கை வெக்காத."

"ஐயா, இப்ப விட்டா அப்புறம் முடியாதுங்க. காலு மூட்டுக்குப் போயிருச்சுன்னா..."

"போன்னு சொன்னேன்ல!"

அவர் யாரையும் அப்படிக் கத்தி பவுனு பார்த்ததில்லை. அந்தப் பெண் உதட்டைக் கடித்துக்கொண்டு ஸ்கூட்டரைத் தள்ளிக்கொண்டு போனாள். சாயங்காலம் பவுனுக்குப் போன் செய்தாள். "அக்கா, நீங்களாச்சும் எடுத்துச் சொல்லுங்க. எம்மேல கோவமிருந்தா வேற டாக்டரையாவது கூட்டிட்டு வரேன்." பவுனு போனை வைத்தாள். சொல்ல வேண்டுமென்றால் முதலிலிருந்து சொல்ல வேண்டும். முதலிலிருந்து சொன்னால் கட்கியில் அவள் யார்? மூன்று முடியை முறுக்கத் தெரிந்த ஒரு கிழவி, அவ்வளவுதான். சரி, தைரியம் வரட்டும், நாளைக்குச் சொல்லலாம் என்று பிப்ரவரி போயிற்று. மார்ச்சும் போயிற்று.

வெயில் ஏற ஏற நாற்றம் வீட்டுக்குள்ளேயே வந்தது. நெஞ்சிலிருந்து முட்டிவரை ஒரே சதைக்காடு. ஈ முட்டை வைத்துப் புழுவும் பிடித்தது. காலையிலும் சாயங்காலத்திலும் பவுனுதான் உட்கார்ந்து, வெதுவெதுப்பான உப்புத் தண்ணீரில் கழுவி, ஊசிமுனையால் ஒவ்வொரு புழுவாக எடுத்தாள். படுத்தால் எழுந்திருக்க முடியாது என்று குதிரை நின்றுகொண்டே கிடந்தது. விலா எலும்பு எண்ணலாம்போல ஆயிற்று. அப்படியும் பவுனு வருகிற காலடிச் சத்தம் கேட்டால் காதை முன்பக்கம் நிமிர்த்தும். அதைப் பார்க்கும்போதெல்லாம் அவளுக்குக் கதறி அழ வேண்டும்போல இருக்கும். இந்தக் கைதான் கட்டிற்று என்று தெரிந்தால் இப்படிக் காதை நிமிர்த்துமா?

சின்னதுரை சாப்பாட்டை விட்டார், பேச்சை விட்டார். கோந்த்வாவிலிருந்து வந்த வைஷாலி, மூக்கில் துப்பட்டாவை வைத்துக்கொண்டு ஒரு நிமிஷம் நின்றாள். "அப்பா, பஸ் கரோ, போதும். அதுக்கு ரொம்ப வலிக்குது. நீங்க வச்சிருக்கறது... உங்களுக்காக. அதுக்காக இல்ல" என்றாள், தட்டுத் தடுமாறின தமிழில். அவர் தலையைக் குனிந்தபடி, "அந்த டாக்டரம்மாவக் கூப்புடு" என்றார்.

ஏப்ரல் கடைசி ஞாயிற்றுக்கிழமை காலை, ஸ்ரீரஞ்சனி வந்தாள். விரட்டப்பட்டதைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. காலைத் தூக்கிப் பார்த்தாள், மூட்டை அழுத்திப் பார்த்தாள், கையுறையைக் கழற்றினாள். "இனி வெட்ட எடமில்லைங்க ஐயா. மூட்டே போயிருச்சு. கஷ்டப்படுத்தாம அனுப்பி வெச்சரலாமுங்க." அவர் தலையாட்டினார். அவள் ஊசி மருந்தை எடுத்துத் தயார்செய்ய ஆரம்பித்தாள்.

அப்போதுதான் சின்னதுரை பவுனின் பக்கம் திரும்பினார். கண் கலங்கியிருந்தது. இரண்டு கையையும் கூப்பினார். கட்டின பெண்டாட்டி முன்னால் கை கூப்பினார்!

"மன்னிச்சுடு பவுனு. அன்னிக்கே நீ கட்டறேன்னு சொன்ன. உன் கையில வுட்டிருந்தா பொழச்சிருக்கும். நான்தான் அத்தக் கேக்காம கண்டவங்க பேச்சக் கேட்டேன். உன் கைராசிய நானே நம்பாம பூட்டேன்."

ஸ்ரீரஞ்சனி நிமிர்ந்து பார்த்தாள். பிறகு சீசாவைப் பார்த்துக் குனிந்துகொண்டாள். அந்தப் பெண் வாயைத் திறந்து சண்டை போட்டிருந்தால் பவுனு இன்னும் ஒரு நாள் ஓட்டியிருப்பாளோ என்னவோ. அவள் குனிந்துகொண்டதைத்தான் பவுனால் தாங்க முடியவில்லை.

"நான் கட்டினேன் மாமா" என்றாள்.

"இன்னா?" அவர் நல்ல காதைத் திருப்பினார்.

"கட்டினேன். அந்தம்மா வாணாம்னு சொல்லிட்டுப் போன செவ்வாக்கெழமயே நான் கட்டிட்டேன்." குரல் உடைந்து கத்தலாக வந்தது. தத்து பால் கறப்பதை நிறுத்திவிட்டு எட்டிப் பார்த்தார். "யார் கட்டினதுன்னு கேட்டப்ப பொய் சொன்னேன். நான்தான் கெடுத்தேன். அந்தப் பொண்ணு ஒண்ணியும் பண்ணல."

சின்னதுரை அவளை அடிக்கவில்லை, திட்டவில்லை. கூப்பிய கையைப் பிரித்து வேட்டியில் துடைத்துக்கொண்டார். பிறகு டாக்டரிடம் திரும்பினார்.

"இவ கட்டாம இருந்திருந்தா?"

ஸ்ரீரஞ்சனி மருந்துச் சீசாவைக் கீழே வைத்தாள். பொய் சொல்லிவிடு தாயே என்று பவுனு மனசுக்குள் அவள் காலில் விழுந்தாள்.

"பொழச்சிருக்குமுங்க ஐயா" என்றாள் அவள். "கட்டுனதுக்கப்புறமும், சொல்லியிருந்தா, அநேகமாப் பொழச்சிருக்கும்."

அவர் சாந்தினியின் கழுத்தை ஒருமுறை தடவினார். நெற்றியில் நெற்றியை வைத்து ஏதோ சொன்னார், என்னவென்று யாருக்கும் கேட்கவில்லை. பிறகு தலைக்கயிற்றை அவிழ்த்து, பவுனின் கையில் திணித்தார்.

"நீ புடி."

"ஐயோ மாமா, என்னால முடியாது..."

"அது உன்னத்தான் நம்புது. நீதான் புடிக்கணும்" என்று சொல்லிவிட்டு, திரும்பிப் பார்க்காமல் ரயில் பாதைப் பக்கம் நடந்து போய்விட்டார்.

பவுனு கயிற்றைப் பிடித்தாள். "தலையைத் தாங்கி மெதுவா எறக்குங்க்கா, கீழ அடிபடாம" என்றாள் டாக்டர். ஊசி கழுத்தில் ஏறியது. சாந்தினி மூக்கை நீட்டி பவுனின் உள்ளங்கையை முகர்ந்தது, ஒருமுறை நக்கியது. அதன் முழங்கால் மடங்கத் தொடங்கியபோது பவுனும் கூடவே மண்டிபோட்டாள். அந்தப் பெரிய தலையின் பாரம் முழுக்க அவள் மடியில் வந்து இறங்கியது. டாக்டர் ஸ்டெதாஸ்கோப்பை வைத்துப் பார்த்து, முடிந்துவிட்டது என்று சொன்னாள். அதற்குப் பிறகும் பவுனு ரொம்ப நேரம் அந்தத் தலையை இறக்கி வைக்கவில்லை.